ரிஷிகேஷ்ல கௌடியாலா முழுநாள் ராஃப்டிங்: நீச்சல் தெரியாதவங்க போலாமுங்களா?

நொய்யல்கரை எழுதியது:

எல்லாருக்கும் வணக்கமுங்க. மார்ச் கடைசில ரிஷிகேஷ் போறோம், டில்லி வரைக்கும் ஃப்ளைட்டு, அங்கிருந்து வண்டி பேசியாச்சு. நான், வீட்டுக்காரர், என் தம்பி, நாத்தனார், நாத்தனார் பையன் (15 வயசு), கூட மாமியார். மாமியார் ராஃப்ட் (காத்தடிச்ச ரப்பர் படகு) பக்கமே வரமாட்டாங்க, அவங்களுக்கு கங்கைல ஒரு முழுக்கு போடணும், சாயங்காலம் ஆரத்தி பாக்கணும், அவ்ளோதான். மீதி அஞ்சு பேரும் ஒரு நாள் முழுக்க ராஃப்டிங்னு பேசிட்டு இருக்கோம், ஆனா பேச்சு முடிவுக்கு வரமாட்டேங்குது.

தம்பி கௌடியாலாவுல இருந்துதான் போகணும்னு ஒத்தக்கால்ல நிக்கறான், முப்பத்தஞ்சு கிலோமீட்டர் சொச்சம், வழியில "தி வால்"னு பெரிய ரேபிட் (ஆறு அலையடிச்சு வேகமா பாயற எடம்) இருக்கு, அத விட்டுட்டு சின்ன ரூட்டு போறதுக்கு வீட்லயே இருக்கலாங்கறான். வீட்டுக்காரர் சிவ்புரியில ஆரம்பிச்சு ரெண்டு மணி நேரத்துல முடிச்சுக்கலாம், பொம்பளைங்களும் சின்னப் பையனும் இருக்காங்கன்னு சொல்றார். எனக்கும் நாத்தனாருக்கும் நீச்சல் சுத்தமா தெரியாது. பையன் நீச்சல்குளத்துல நல்லா நீந்துவான், ஆத்துல எறங்குனதில்ல. ஒகேனக்கல்ல பரிசல் ஏறியிருக்கோம், அதுக்கு மேல தண்ணிப் பழக்கம் எங்க யாருக்கும் கிடையாது.

ஆனா எனக்கு ஆசை இருக்குங்க, அத மறைக்க வேண்டியதில்ல. மேல இருந்து கீழ வரைக்கும் அந்த ஆத்தோடவே ஒரு நாள் முழுக்க வரணும்னு இருக்கு. அதனால "பயமா இருந்தா போகாதீங்க"ங்கற பதில் வேண்டாம். நீச்சல் தெரியாதவங்க எந்த ரூட்டு வரைக்கும் போலாம், உள்ள விழுந்தா உண்மையில என்ன ஆகும், நல்ல ஆளுங்களா எப்டி பாத்து புக் பண்றது, இத போயிட்டு வந்தவங்க சொன்னா நல்லாருக்கும். மாமியார அன்னைக்கு முழுக்க எங்க விடறதுன்னும் யாராச்சும் சொல்லுங்க.

ராத்திரிரயில் எழுதியது:

அக்கா, மார்ச் கடைசின்னா நல்ல நேரம். மே, ஜூன்ல போயிருந்தா சனி ஞாயிறு ரிஷிகேஷ ஒட்டியிருக்கற தபோவனத்த தாண்டறதுக்குள்ளயே பாதி நாள் டிராஃபிக்ல போயிரும். முடிஞ்சா வாரநாள்ல வெச்சுக்கோங்க, ஹோலி எந்த தேதின்னும் பாத்துக்கோங்க, அந்த சமயம் கூட்டம் அள்ளும்.

ரூட்டு விஷயத்துல நடுவுல ஒண்ணு இருக்கே, அத யாரும் சொல்லலியா? மரைன் டிரைவ்ல இருந்து ரிஷிகேஷ், சுமார் இருபத்தஞ்சு கிலோமீட்டர். பேர பாத்து கடல்கரைன்னு நெனச்சுடாதீங்க, அதுவும் கங்கைக்கரைதான். கௌடியாலாவுல இருந்து வர்ற பெரிய ரேபிட் எல்லாம் இதுக்கு மேலயே முடிஞ்சிரும், கீழ சிவ்புரி பக்கம் இருக்கற நல்ல ரேபிட் எல்லாம் கெடைக்கும், நடுவுல கரையில நிறுத்தி சாப்பிட்டு நிதானமா வந்தா ஒரு நாளும் ஆயிரும். நாங்க ஃப்ரெண்ட்ஸா போனப்போ அதுதான் போனோம், கூட வந்ததுல பாதிப் பேருக்கு நீச்சல் தெரியாது. கைடு நல்ல ஆளா அமைஞ்சா அது ஒரு பொருட்டே இல்ல.

ஈரத்துடுப்பு எழுதியது:

நான் ரிஷிகேஷ்ல சேஃப்டி கயாக்கரா வேலை பாத்திருக்கேன், அதாவது ராஃப்ட் கூடவே சின்ன கயாக்ல போயி விழுந்தவங்கள பொறுக்கிட்டு வர்ற வேலை. இப்போ சென்னையில வேற வேலைல இருக்கேன், ஆனாலும் சீசன்ல லீவு கெடைச்சா அங்கதான் போவேன். அதனால கொஞ்சம் நீளமாவே எழுதறேன், பொறுமையா படிங்க.

முதல்ல நீச்சல். கமர்ஷியல் ராஃப்டிங்ல வர்றவங்கள்ல நெறய பேருக்கு நீச்சல் தெரியாது, எல்லா கைடும் அத தெரிஞ்சுதான் கூட்டிட்டுப் போறாங்க. உங்கள மிதக்க வெக்கறது லைஃப் ஜாக்கெட்டு, நீங்க இல்ல. அதனால நான் நீச்சல் தெரியுமான்னு கேக்கறத விட ஜாக்கெட் எப்டி கட்டியிருக்குன்னுதான் பாப்பேன். எல்லா பக்கிளும் போட்டு, ஸ்ட்ராப் எல்லாத்தயும் இழுத்துக் கட்டினதும், வேற ஒருத்தர் உங்க முன்னாடி நின்னு ரெண்டு தோள்பட்டைய புடிச்சு மேல தூக்கணும். ஜாக்கெட் காது வரைக்கும் ஏறுச்சுன்னா அது லூஸு, தண்ணிக்குள்ள உங்கள விட்டுட்டு அது மட்டும் மேல வந்துரும். மூச்சு விட லேசா இறுக்கமா இருக்கற அளவு கட்டணும். நாத்தனார் பையனுக்கு சைஸ் சரியா இருக்கான்னு கரையிலயே பாத்து வாங்குங்க, பெரியவங்க ஜாக்கெட்ட மாட்டி விட்டுட்டு "பரவால்ல"ம்பாங்க, ஒத்துக்காதீங்க. அங்க 14 வயசுக்கு மேலதான் விடுவாங்க, அதனால வயசுல தடையில்ல.

அடுத்தது அந்த ஆறு. தேவப்பிரயாகைல பாகீரதியும் அலக்நந்தாவும் சேர்ந்த பிறகுதான் அதுக்கு கங்கைன்னு பேரு, கௌடியாலா அதுக்கு கொஞ்சம் கீழ. ரெண்டு பெரிய ஆத்து தண்ணியும் ஒண்ணா வர்றதால அகலமும் ஆழமும் ஜாஸ்தி, அலை பெருசு. ஆனா நல்ல விஷயம் என்னன்னா, ஒரு ரேபிட் முடிஞ்சதும் பெரும்பாலும் ஒரு நீளமான அமைதியான பகுதி வரும். யாராச்சும் விழுந்தா அங்க வெச்சு ஏத்திக்கலாம். பாறை நெருக்கமா இருக்கற சின்ன ஆறுகள்ல இந்த வசதி கெடையாது. கங்கைல விழறது பயங்கரமா தெரியும், ஆனா பெரும்பாலும் பாறைல மோத மாட்டீங்க, அலைல மூழ்கி மூழ்கி எழுந்திருப்பீங்க.

தண்ணி செம குளிரு, பனி உருகி வர்ற தண்ணி, வெயில் காலத்துலயும் அப்டித்தான். விழுந்த அந்த நொடில நெஞ்சு இறுகி வாய தானா தொறந்து மூச்ச உள்ள இழுக்கும். பயந்தவங்க நெறய தண்ணி குடிக்கறது அப்போதான். ஒரு நிமிஷத்துக்குள்ள அது அடங்கிரும்னு முன்னாடியே தெரிஞ்சு வெச்சுக்கோங்க, அது தெரிஞ்சாலே பாதி பதட்டம் போயிரும். அலையோட பள்ளத்துல மூச்சு இழுங்க, உச்சில வாய மூடுங்க.

விழுந்ததும் மல்லாக்க படுங்க, கால் ரெண்டும் ஆறு போற பக்கம், கால்விரல் தண்ணிக்கு மேல தெரியணும், கைய விரிச்சு வெச்சுக்கோங்க. பாறை வந்தா கால் வாங்கிக்கும், தலை வாங்காது. இடுப்பளவு தண்ணிதானேன்னு எழுந்து நிக்கவே நிக்காதீங்க, இத மட்டும் வீட்ல எல்லாருக்கும் மனப்பாடம் பண்ண வெச்சுடுங்க. ஓடற தண்ணில கால் ரெண்டு கல்லுக்கு நடுவுல மாட்டுச்சுன்னா பின்னாடி வர்ற தண்ணி உடம்ப முன்னாடி மடக்கிரும், இடுப்பளவு தண்ணில ஆள் போறது அப்டித்தான். தண்ணி முழங்காலுக்கு கீழ வந்து, ஓட்டமும் அடங்குன பிறகு எழுந்தா போதும்.

விழுந்தவங்கள இழுக்க ஒரு பைக்குள்ள கயித்த சுருட்டி வெச்சு வீசுவாங்க, அப்டி வீசினா பைய புடிக்காதீங்க, கயித்த புடிங்க. பைக்குள்ள இன்னும் கயிறு சுருண்டு கெடக்கும், பைய புடிச்சீங்கன்னா அது உருவிட்டே வரும். கயித்த தோள் மேல போட்டு நெஞ்சோட சேத்து ரெண்டு கையால புடிச்சு மல்லாக்க படுத்தா தண்ணி முகத்துல அடிக்காது. கைல சுத்திக்கவே கூடாது. ராஃப்ட்டுக்கு அடியில மாட்டிக்கிட்டா ரெண்டு கையையும் மேல வெச்சு ஒரே பக்கமா தள்ளிக்கிட்டே வாங்க, வெளிய வந்துருவீங்க. அங்கயும் இங்கயும் மாத்தினாதான் நடுவுலயே நிப்பீங்க.

இனி ரூட்டு. கௌடியாலாவுல இருந்து வந்தா டேனியல்ஸ் டிப், தி வால் இதெல்லாம் மேல் பகுதில வரும். வால் கிரேடு நாலு, சில நாள் அதுக்கும் மேல. நல்ல கைடு அங்க ராஃப்ட்ட மேலயே கரையில கட்டிட்டு பாறை மேல ஏறி நின்னு தண்ணிய பாப்பாரு. அந்த நாள் தண்ணி சரியில்லைன்னா, இல்ல ராஃப்ட்ல இருக்கறவங்க சரியா துடுப்பு போடலைன்னா, எல்லாரையும் எறக்கி கரையோரமா நடக்க வெச்சு கீழ போயி ஏத்திக்குவாங்க. தம்பிகிட்ட இத சொல்லிருங்க. கைடு எறங்குன்னா எறங்கணும், "காசு குடுத்திருக்கோம்"னு நிக்கக் கூடாது. கைடுக்கு அடம் புடிக்கற ஆளுங்க தர்ற தொல்லைய விட ரேபிட் தர்ற தொல்லை கம்மி.

உங்க கூட்டத்துக்கு என் யோசனை மரைன் டிரைவ். த்ரீ பிளைண்ட் மைஸ் ஆரம்பத்துலயே வரும், சிவ்புரிக்கு கீழ ரிட்டர்ன் டு செண்டர், ரோலர் கோஸ்டர், கோல்ஃப் கோர்ஸ்னு வரிசையா இருக்கு. பெரும்பாலும் கிரேடு மூணு, சிலது அதுக்கு கொஞ்சம் மேல. முதல் தடவை வர்றவங்களுக்கு இது தாராளம்.

நொய்யல்கரை எழுதியது:

எழுத்துக்கு எழுத்து வீட்ல படிச்சுக் காட்டிட்டேங்க, ரொம்ப நன்றி. நாத்தனார் "நிக்கக் கூடாது, நிக்கக் கூடாது"ன்னு இப்பவே சொல்லிட்டு இருக்காங்க.

இன்னும் கொஞ்சம் கேக்கணும். கிரேடு கிரேடுன்னு சொல்றீங்க, அத யார் முடிவு பண்றாங்க, அது எப்பவும் மாறாதா? அப்புறம் ஒகேனக்கல்ல பரிசல்காரர் ஓட்டுவாரு, நாங்க உக்காந்துட்டு வந்தோம். இங்க நாங்களே துடுப்பு போடணுமாமே, போடலைன்னா என்ன? எங்களுக்கு கைல அவ்ளோ தெம்பு இருக்குமான்னு தெரியல. நான் கண்ணாடி போட்டிருக்கேன், அத கழட்டுனா ஒண்ணும் தெரியாது.

மணல்திட்டு எழுதியது:

நான் சொல்றது ரூட்டப் பத்தி இல்ல, ஆளுங்களப் பத்தி. ஆபீஸ் டீமோட ஒரு தடவை போனோம், ஹோட்டல்காரரே புக் பண்ணிக் குடுத்தாரு, விலை கம்மி. எந்த கம்பெனின்னு பேர் சொல்லப் போறதில்ல. ஜீப்ல இருந்து எறங்குனதும் ஜாக்கெட்ட ஒரு குவியல்ல இருந்து ஆளுக்கு ஒண்ணா தூக்கிப் போட்டாங்க, எனக்கு வந்ததுல ஒரு பக்கிள் இல்ல. மாத்திக் குடுங்கன்னா "சார் ஒண்ணும் ஆகாது". பிரீஃபிங்னு ரெண்டு வார்த்தை, அதுவும் ஜீப் மேல இருந்து ராஃப்ட்ட எறக்கிக்கிட்டே. சேஃப்டி கயாக்கே வரல. ராஃப்ட்ல ஏத்துனது எங்க எட்டு பேரோட இன்னும் ரெண்டு பேரு, காலை நுழைச்சு உக்காரக்கூட எடமில்ல.

நான் எறங்கிட்டேன். என் கூட இன்னொருத்தரும் எறங்கிட்டாரு. மத்தவங்க போனாங்க, பத்திரமாத்தான் வந்தாங்க, ஆனா அப்டி வந்தது அவங்க அதிர்ஷ்டம், அந்த கம்பெனியோட திறமை இல்ல. எறங்கினதுக்கு ஆபீஸ்ல கிண்டல் பண்ணாங்க, பண்ணட்டும்.

அதனால அக்கா, இங்க இருந்து ஆன்லைன்ல மொத்த காசும் கட்டிடாதீங்க. முன்னாடி நாளே தபோவனம் பக்கம் போயி நேர்ல பாருங்க, பெர்மிட் காட்டச் சொல்லுங்க, ஜாக்கெட்டயும் ஹெல்மெட்டயும் கைல எடுத்துப் பாருங்க, எங்க ராஃப்ட்ல யார் கைடுன்னு கேளுங்க, முடிஞ்சா அவர்கிட்டயே பேசுங்க. 2018 ஜூன்ல உத்தராகண்ட் ஹைகோர்ட்டு, ஒழுங்கான விதிமுறை கொண்டு வர்ற வரைக்கும் ராஃப்டிங்க நிறுத்தி வைன்னு அரசாங்கத்துக்கு உத்தரவு போட்டது ஞாபகம் இருக்கா? இப்போ லைசன்ஸ் இல்லாம நடத்தக் கூடாது. லைசன்ஸ் கேட்டா மூஞ்ச காட்றவங்க கடைல நிக்க வேண்டாம், அங்க அடுத்தடுத்து கடைதான்.

ஈரத்துடுப்பு எழுதியது:

மணல்திட்டு சொன்னது நூத்துக்கு நூறு. எறங்குனது தப்பே இல்ல சார், பக்கிள் இல்லாத ஜாக்கெட்டோட ராஃப்ட் கெளம்பவே கூடாது. அக்கா, புக் பண்ணும்போதே சேஃப்டி கயாக் உண்டான்னு கேளுங்க. மரைன் டிரைவோ கௌடியாலாவோ போறீங்கன்னா அது இல்லாம ஏறாதீங்க. உங்க கூட ரெண்டாவது ராஃப்ட் ஒண்ணு சேந்து வந்தா இன்னும் நல்லது, ஒண்ணு கவுந்தா இன்னொண்ணு கீழ நின்னு புடிச்சுக்கும்.

கிரேடு கேட்டீங்க. ஒண்ணுல இருந்து ஆறு வரைக்கும் உலகம் பூரா ஒரே அளவுகோல்தான். ஒண்ணுன்னா சும்மா சலசலப்பு, ஆறுன்னா யாரும் எறங்காத எடம். ஆனா அது கல்வெட்டு இல்ல, தண்ணி அளவு மாறினா கிரேடும் மாறும். மேல பாகீரதில டெஹ்ரி அணை இருக்கு, அலக்நந்தாவுலயும் மின்நிலையம் இருக்கு, அங்க தண்ணி திறக்கறதப் பொறுத்து ஒரே நாள்லயே கீழ ஏறும், எறங்கும். தண்ணி ஏறினா சில ரேபிட் மூழ்கி ஒண்ணுமில்லாம போயிரும், சிலது இன்னும் மோசமாகும். பாறை மேல ஏறி விழற தண்ணி கீழ ஒரு குழி பறிச்சு, அங்கயே சுத்திச் சுத்தி மேல்பக்கமா திரும்பி வரும், அதுக்கு ஹோல்னு பேரு. ராஃப்ட்ட புடிச்சு நிறுத்தறதும் கவுக்கறதும் அதுதான். தூரத்துல இருந்து பாத்தா வெள்ளையா நுரை மட்டும் தெரியும், அந்த நுரைல காத்து கலந்திருக்கறதால ஜாக்கெட்டு கூட முழுசா தூக்காது. மழைக்காலத்துல, ஜூலை ஆகஸ்ட்ல ஆறு மண்ணு கலந்து பொங்கி வரும், அப்போ ராஃப்டிங்கே மூடிருவாங்க, தண்ணி வடிஞ்சு செப்டம்பர் வாக்குலதான் தொறப்பாங்க. நீங்க போற மார்ச்ல தண்ணி தெளிஞ்சு பச்சையா இருக்கும், அளவும் மிதமா இருக்கும்.

துடுப்பு விஷயம் முக்கியம். நீங்க துடுப்பு போடலைன்னா ராஃப்ட் தண்ணி போற வேகத்துலயே போகும், அப்போ கைடு பின்னாடி உக்காந்து என்ன திருப்பினாலும் திரும்பாது. தண்ணிய விட கொஞ்சம் வேகமா போனாத்தான் அவர் சொல் பேச்சு கேக்கும். பெரிய அலைய பாத்ததும் எல்லாரும் துடுப்ப மடியில போட்டுட்டு கயித்த புடிச்சுக்குவாங்க, அங்கதான் ராஃப்ட் குறுக்க திரும்பி கவுறும். "ஃபார்வேர்டு"ன்னு கத்தினா அலைக்குள்ளயே துடுப்ப விடணும். துடுப்பு தண்ணில இருக்கற வரைக்கும் அதுவே உங்களுக்கு ஒரு பிடிமானம், நம்புங்க. தெம்பு தேவையில்ல, எல்லாரும் ஒரே நேரத்துல போட்டா போதும், முன்னாடி உக்காந்திருக்கற ரெண்டு பேரப் பாத்து பின்னாடி இருக்கறவங்க போடணும். உங்க வீட்டுக்காரரையும் தம்பியையும் முன்னாடி உக்கார வைங்க, பையனும் நீங்களும் நடுவுல. ரேபிட் இல்லாத எடத்துல கைடு அஞ்சாறு தடவ பழக வெப்பாரு: ஃபார்வேர்டு, பேக், ஸ்டாப், கெட் டவுன். கெட் டவுன்னா துடுப்ப நிமித்திப் புடிச்சு ராஃப்ட்டுக்குள்ள எறங்கி உக்காந்துருங்க. "ஹை சைடு"ன்னு கத்தினா ராஃப்ட்ல எந்தப் பக்கம் மேல தூக்குதோ அந்தப் பக்கம் எல்லாரும் பாயணும். மனசு எதிர்ப்பக்கம்தான் ஓடச் சொல்லும், ஓடுனா கவுந்துரும்.

துடுப்போட மேல்முனைல இங்கிலீஷ் T மாதிரி ஒரு புடி இருக்கும், அத உள்ளங்கையால மூடிப் புடிங்க, எப்பவும் விடாதீங்க. நான் ராஃப்ட்ல பாத்த காயத்துல முக்கால்வாசி பக்கத்து ஆளோட துடுப்பு மூக்குலயோ பல்லுலயோ பட்டதுதான். கண்ணாடிக்கு பின்பக்கம் கட்டற ஸ்ட்ராப் விக்குது, இங்கயே வாங்கிட்டுப் போங்க, இல்லாட்டி ஒரு நாடாவ ரெண்டு காம்புலயும் இறுக்கிக் கட்டி ஹெல்மெட்டுக்கு அடியில விடுங்க.

ஒருத்தர் விழுந்தா தூக்கற விதத்தயும் கத்துக்கோங்க, ஏன்னா பக்கத்துல இருக்கறது கைடு இல்ல, நீங்கதான். கைய புடிச்சு இழுக்காதீங்க, தோள் எடம் மாறிரும். அவர உங்களப் பாத்த மாதிரி திருப்பி, ஜாக்கெட்டோட தோள்பட்டைய ரெண்டு கையாலயும் புடிச்சு, முழங்கால ராஃப்ட் ஓரத்துல முட்டுக் குடுத்து அப்டியே பின்னாடி விழுங்க. உங்க எடையே அவர உள்ள கொண்டு வந்துரும். நாப்பத்தஞ்சு கிலோ அக்கா ஒருத்தங்க தொண்ணூறு கிலோ புருஷன தூக்கிப் போட்டத நான் பக்கத்துல இருந்து பாத்திருக்கேன், அவர் அவங்க மேலயே விழுந்தாரு, ரெண்டு பேரும் எழுந்திரிக்கவே நேரமாச்சு.

களனிக்கரை எழுதியது:

நான் கொழும்பில இருந்து எழுதுறன் அக்கா. ரிஷிகேஷ் நான் போனதில்லை, ஆனா எங்கட பக்கத்தில கித்துல்கலவில களனி கங்கையில ராஃப்டிங் இருக்கு, ஹட்டன் போற வழியில. அது முழுநாள் இல்லை, அஞ்சாறு கிலோமீட்டர்தான், ரேபிட்டும் ரெண்டு மூண்டு கிரேடுதான், தண்ணியும் குளிரில்லை, சுத்தவர காடு. நான் நீச்சல் தெரியாமத்தான் முதல்ல போனனான். முதல் ரேபிட்டிலயே வெளிய விழுந்திட்டன். தண்ணிக்குள்ள எனக்கு ஒண்டும் விளங்கேல்லை, மேல எது கீழ எது எண்டு தெரியேல்லை, ஆனா ஜாக்கெட் என்னைத் தானே மேல கொண்டு வந்திட்டுது. ஒருக்கா அப்பிடி மேல வந்தாப் பிறகு பயம் போயிட்டுது, பிறகு அமைதியான இடத்தில நானே குதிச்சு மிதந்தனான்.

அதால நான் சொல்றது என்னெண்டா, முதல் பெரிய ரேபிட்டுக்கு முன்னம் அமைதியான தண்ணியில கைடிட்ட கேட்டு ஒருக்கா இறங்கிப் பாருங்கோ. ராஃப்டின்ர கயித்தைப் பிடிச்சுக்கொண்டு இறங்கினாக் காணும். உங்கட நாத்தனாரையும் இறக்குங்கோ. ஜாக்கெட் தாங்குது எண்டதை உடம்பு ஒருக்கா அறிஞ்சிட்டா, பிறகு விழுந்தாலும் மனம் பதறாது.

ஈரத்துடுப்பு எழுதியது:

களனிக்கரை சொன்னத கண்டிப்பா பண்ணுங்க. ரிஷிகேஷ்லயும் பாடி சர்ஃபிங்னு சொல்லி அமைதியான எடத்துல எறக்கி விடுவாங்க, நாங்க புதுசா வர்றவங்கள அதுக்காகவே எறங்கச் சொல்லுவோம். ஆனா கைடு சொன்ன எடத்துல, ஜாக்கெட்டும் ஹெல்மெட்டும் போட்டுட்டு மட்டும். சாப்பிட நிறுத்தற மணல்கரைல ஜாக்கெட்ட கழட்டிட்டு குளிக்க எறங்காதீங்க. பாக்க அமைதியா இருக்கும், ரெண்டு அடி தள்ளி மணல் சரிஞ்சு ஆழமா போகும். அப்டி கரையோரமா குளிக்கப் போயி அடிச்சிட்டுப் போறது வருஷா வருஷம் செய்தில வருது, கேக்கவே வயிறு எரியும்.

பத்தமடையான் எழுதியது:

மாமியாரப் பத்தி யாரும் பேசலியே, நான் சொல்லுதேன். முனி கி ரேதியில ராம் ஜூலா பக்கத்துல சிவானந்தா ஆசிரமம் இருக்கு. சுவாமி சிவானந்தர் எங்க ஊருக்காரர், 1887ல பத்தமடைல பொறந்தவரு, மலேயாவுல டாக்டரா இருந்துட்டு எல்லாத்தயும் விட்டுட்டு ரிஷிகேஷ் போயி, 1936ல தெய்வீக வாழ்க்கைச் சங்கத்த ஆரம்பிச்சாரு. எங்க அம்மாவ கூட்டிட்டுப் போனப்ப அங்க தமிழ் பேசுற ஆளுக ரெண்டு மூணு பேரு கெடைச்சாங்க, அம்மா எங்கள விட்டுட்டு அவங்க கூடயே பேசிட்டு இருந்துட்டாங்க. காலைல நீங்க ஜீப் ஏறுறதுக்கு முன்ன அவங்கள அங்க விட்டுட்டுப் போயிருங்க. பூஜை, சமாதி மந்திர், லைப்ரரின்னு பொழுது போயிரும், வெளிய எறங்குனா கங்கை. படி கொஞ்சம் ஏறணும், முழங்கால் வலி இருந்தா பாத்துக்கிடுங்க. முழுக்கு போடுறதுன்னா சங்கிலி கட்டியிருக்கிற படித்துறைல சங்கிலியப் புடிச்சுக்கிட்டு போடச் சொல்லுங்க, தனியா விடாதீங்க, அத நீங்க வந்த பிறகு வெச்சுக்கிடலாம்.

உங்க ராஃப்ட் முடியுற எடமும் அந்தப் பக்கந்தான், நீம் பீச். அங்கயிருந்து ஈரத்த மாத்திட்டு மாமியாரக் கூட்டிக்கிட்டு ராம் ஜூலா தாண்டுனா எதிர்க்கரைல பரமார்த் நிகேதன், ஆரத்தி சூரியன் மறையுற நேரத்துக்கு. கூட்டம் ஜாஸ்தி, கொஞ்சம் முந்திப் போனாத்தான் படியில எடம் கெடைக்கும்.

இன்னொண்ணு, நீங்க மரைன் டிரைவ்ல இருந்து வாறப்ப வசிஷ்ட குகை வழியிலதான் இருக்கு, ஆத்தங்கரையிலயே. கேரளாவுல இருந்து வந்த சுவாமி புருஷோத்தமானந்தர் இருந்த எடம். ராஃப்ட்ல வாறப்ப நிறுத்துவாங்களான்னு எதிர்பாக்காதீங்க, மாமியாருக்கு பாக்கணும்னு இருந்தா அடுத்த நாள் ரோட்டு வழியா போங்க.

செம்பருத்தி எழுதியது:

பொம்பளைங்களுக்குன்னு ரெண்டு விஷயம், இத யாரும் சொல்ல மாட்டாங்க. சுடிதார், துப்பட்டா, ஜீன்ஸ் எதுவும் வேண்டாம், பருத்தி ஈரமாச்சுன்னா கனத்துப் போயி நாள் முழுக்க குளிரும். லெகிங்ஸ் இல்ல டிராக் பேண்ட், மேல கை முழுசா இருக்கற டிரை ஃபிட் டீ ஷர்ட், கலர் அழுத்தமா இருக்கட்டும். மார்ச்ல வெட்சூட் (தண்ணிக் குளிர் தாங்கற ரப்பர் டிரெஸ்) வாடகைக்கு கேட்டுப் பாருங்க, நான் கேட்டு வாங்கிக்கிட்டேன், சாயங்காலம் வரைக்கும் நடுங்காம இருந்தேன். ஹவாய் செருப்பு முதல் ரேபிட்லயே போயிரும், பின்னாடி ஸ்ட்ராப் இருக்கற செருப்பு, இல்ல பழைய கான்வாஸ் ஷூ. தாலிக்கொடி, வளையல், மோதிரம் எல்லாம் ரூம்லயே பத்திரமா வெச்சுட்டுப் போங்க. கொடிய கழட்ட மாட்டேன்னா உள்ள விட்டு ஜாக்கெட்டுக்கு அடியில அமுக்கிடுங்க, கயித்துல மாட்டக் கூடாது.

பாத்ரூம் வழியில கெடையாது, கெளம்பற எடத்துலயும் எப்பவும் இருக்கும்னு சொல்ல முடியாது. ரூம்லயே போயிட்டு வாங்க, அதுக்காக தண்ணி குடிக்காம இருக்காதீங்க, வெயில்ல தலை சுத்தும். சாப்பாட்டுக்கு நிறுத்தற எடத்துல மறைவு இருக்கும்படி நிறுத்துங்கன்னு காலைலயே கைடுகிட்ட சொல்லிருங்க, கூச்சப்பட வேண்டாம், அவங்களுக்கு இது பழக்கம். மாத்து துணி வண்டில இருக்கட்டும், கீழ எறங்கற எடத்துக்கு வண்டி வருமான்னு கேட்டுக்கோங்க.

நொய்யல்கரை எழுதியது:

படிக்கப் படிக்க மனசு நெறஞ்சிருச்சுங்க. நேத்து ராத்திரி எல்லாரும் உக்காந்து பேசி மரைன் டிரைவ்னு முடிவாச்சு. தம்பி மூஞ்சி கொஞ்சம் தொங்குச்சு, அடுத்த நாள் அவன் மட்டும் வேற குரூப்போட சேந்து கௌடியாலா போயிக்கட்டும்னு சொல்லியாச்சு, நாங்க அன்னைக்கு மாமியாரக் கூட்டிட்டு வசிஷ்ட குகை. போயி எறங்குன முதல் நாள் யாரயும் புக் பண்ணாம நேர்ல ரெண்டு மூணு எடம் பாக்கறதுன்னு இருக்கோம்.

கடைசியா ஒண்ணு. வீட்டுக்காரருக்கு பிபி இருக்கு, மாத்திரை சாப்பிடறார், கன்ட்ரோல்ல இருக்கு. அவங்க ஒரு ஃபார்ம்ல கையெழுத்து வாங்குவாங்களாம், அதுல எழுதினா ஏத்த மாட்டாங்கன்னு எழுத வேண்டாங்கறார். போன எங்க வெக்கறது?

ஈரத்துடுப்பு எழுதியது:

எழுதச் சொல்லுங்கக்கா, கண்டிப்பா எழுதச் சொல்லுங்க. எழுதுனாத்தான் கைடுக்குத் தெரியும், அவர எங்க உக்கார வெக்கறது, விழுந்தா முதல்ல யாரத் தூக்கறதுன்னு அவர் யோசிச்சு வெச்சுக்குவாரு. குளிர்ந்த தண்ணில திடீர்னு விழுந்தா பிபி சட்டுனு ஏறும், அதனால போறதுக்கு முன்னாடி உங்க டாக்டர்கிட்ட "பனித்தண்ணில ராஃப்டிங்"னு வெளிப்படையா சொல்லிக் கேளுங்க. அவர் சரின்னா காலைல மாத்திரை போட்டுட்டு வரட்டும். அவர் வேண்டாம்னு சொன்னா உங்க வீட்டுக்காரர் சாப்பாட்டு வண்டியோட ரோட்டு வழியா வந்து சாப்பிடற எடத்துல உங்களோட சேந்துக்கலாம், அப்டியும் நெறய பேர் வர்றாங்க.

போன் கைடோட டிரை பேக்ல (தண்ணி புகாத பை) போடலாம், அது ராஃப்ட்ல கட்டியிருக்கும். ஆனா ரேபிட்ல எடுக்க முடியாது, எடுக்கவும் கூடாது. வீடியோ வேணும்னா எடுக்க விடுவாங்களா, தனி காசு உண்டான்னு ஏறறதுக்கு முன்னாடியே பேசி முடிச்சிருங்க. எந்தக் கம்பெனிய பாத்தீங்கன்னு முதல் நாள் ராத்திரி இங்க கேள்வியா போடுங்க, கைடு சொன்ன பதில வெச்சு நான் பாத்து சொல்றேன்.